நாயகனாகாத டொனால்ட் கிரிஸ்ப்: இரண்டாம் இடத்தில் ஓர் ஐம்பத்தைந்து ஆண்டு

1942 பிப்ரவரி 26 அன்று லாஸ் ஏஞ்சல்ஸ் பில்ட்மோர் ஹோட்டலில் நடந்த ஆஸ்கர் விழா, சினிமா வரலாற்றில் ஒரு புகாராகவே நிலைத்துவிட்டது. இன்று மாபெரும் படங்களில் ஒன்றாகப் போற்றப்படும், ஆர்சன் வெல்ஸின் 'சிட்டிசன் கேன்' சிறந்த படத்துக்கான விருதை இழந்தது என்பதே அந்தப் புகார். வென்ற படம் ஜான் ஃபோர்டின் 'ஹவ் கிரீன் வாஸ் மை வேலி'. எண்பது ஆண்டுகளுக்கும் மேலாக இந்த ஒரு சர்ச்சையே ஓடிக்கொண்டிருப்பதால், அதே இரவில் சிறந்த துணை நடிகர் விருதை வாங்கிக்கொண்டு போன மனிதரைப் பற்றி யாரும் பேசுவதில்லை. அவர் பெயர் டொனால்ட் கிரிஸ்ப். அன்று அவருக்கு வயது 59. அமெரிக்க சினிமா பெயர்ப் பட்டியல்கூடப் போடாத காலத்திலேயே கேமரா முன் நின்றவர்.

அவர் கையில் கொடுக்கப்பட்டது நாம் அறிந்த தங்கச் சிலை அன்று, ஒரு பட்டயம், அதாவது விருதுப் பலகை. துணை நடிகர், துணை நடிகை விருதுகள் 1936ஆம் ஆண்டின் படங்களிலிருந்துதான் தொடங்கின. முதல் சில ஆண்டுகள் நாயக நாயகியருக்குச் சிலை, இவர்களுக்குப் பட்டயம் என்றே வைத்திருந்தார்கள். 1944 விழாவில்தான் அந்தப் பந்திபேதம் நீங்கியது. குணச்சித்திர நடிகர்களை ஹாலிவுட் எந்த இடத்தில் வைத்திருந்தது என்பதற்கு இதைவிட நேரடியான சாட்சி வேண்டியதில்லை.

ஆனால் அந்த இரண்டாம் இடம் ஒரு தண்டனையாக மட்டும் இருந்ததா? கிரிஸ்ப்பின் வாழ்க்கையைப் பார்த்தால் அப்படிச் சொல்ல முடியவில்லை. நாயகனின் முகம் ஸ்டூடியோவின் முதலீடு. அது முதுமை அடையக்கூடாது, கெட்டவனாக மாறக்கூடாது, வேறு வேலைக்குப் போகக்கூடாது. கிரிஸ்ப்பின் முகத்தை நம்பி யாரும் டிக்கெட் வாங்கவில்லை. அதனால் அவர் நடித்தார், இயக்கினார், மீண்டும் நடிப்புக்கு வந்தார், வங்கியில் உட்கார்ந்து படங்களுக்குக் கடன் கொடுப்பதைப் பற்றி ஆலோசனை சொன்னார். எண்பது வயதை எட்டியபோதும் வேலையில் இருந்தார். அவர் காலத்து நாயகர்களில் பெரும்பாலோர் பத்துப் பதினைந்து ஆண்டுகளில் காணாமல் போனார்கள்.

அவர் சொன்ன பிறப்புக் கதையிலிருந்தே தொடங்க வேண்டும், ஏனென்றால் அதுவும் ஒரு வேடம்தான். தாம் ஸ்காட்லாந்தின் அபர்ஃபெல்டி என்ற சிற்றூரில் 1880இல் பிறந்ததாக அவர் வாழ்நாள் முழுவதும் சொல்லிவந்தார். மேட்டுக்குடியினரின் ஈட்டன் பள்ளியில் படித்ததாக, ஆக்ஸ்ஃபோர்டுக்குப் போனதாக, தென்னாப்பிரிக்காவில் நடந்த போயர் போரில் குதிரைப்படை வீரராக இருந்ததாக, அங்கே இளம் வின்ஸ்டன் சர்ச்சிலைச் சந்தித்ததாகவெல்லாம் கதைகள் உலவின. கேட்பவர்கள் நம்பினார்கள். அபர்ஃபெல்டியில் 1996இல் அவருக்கு ஒரு நினைவுப் பலகைகூடத் திறந்துவைத்தார்கள். பதிவேடுகள் வேறு கதை சொல்கின்றன. ஜார்ஜ் வில்லியம் கிரிஸ்ப் 1882 ஜூலை 27 அன்று, லண்டனின் கிழக்குப் பகுதியில் உள்ள போ என்ற உழைப்பாளர் குடியிருப்பில், ஒரு கூலித் தொழிலாளியின் பெரிய குடும்பத்தில் பிறந்தவர். டொனால்ட் என்ற பெயரும் ஸ்காட்லாந்து உச்சரிப்பும் அவரே பூட்டிக்கொண்டவை.

ஏன் இப்படிச் செய்தார் என்பதற்கு அவர் எதுவும் எழுதிவைக்கவில்லை. என் கணிப்பு இது: பிரிட்டனில் வாயைத் திறந்தாலே வர்க்கம் தெரிந்துவிடும். கிழக்கு லண்டன் பேச்சோடு மேடையேறுபவனுக்கு வேலைக்காரன், திருடன், கோமாளி தவிர வேறு வேடம் கிடைப்பது அரிது. ஸ்காட்லாந்து உச்சரிப்பு அந்தப் படிநிலைக்குள் சிக்காதது. மருத்துவர், படைத்தலைவர், பாதிரியார், சுரங்கத் தொழிலாளி என யாருக்கும் அது பொருந்தும். பின்னாளில் சினிமா பேசத் தொடங்கியபோது அந்த முதலீடு வட்டியோடு திரும்பி வந்தது.

1906இல் அமெரிக்கா போனார். ஓர் இசை நாடகக் குழுவில் பாடினார். பிறகு பிராட்வே நாடகங்களை நடத்திக்கொண்டிருந்த ஜார்ஜ் எம். கோஹனிடம் மேடை மேலாளராக வேலை பார்த்தார். அங்கேதான் மௌனப்பட இயக்குநர் டி.டபிள்யூ. கிரிஃபித்தின் வட்டத்தோடு தொடர்பு ஏற்பட்டது. கிரிஃபித் அப்போது நியூயார்க் 14ஆம் தெருவில், ஒரு பழைய மாளிகையில் இயங்கிய பயோகிராஃப் நிறுவனத்தில் வாரத்துக்கு இரண்டு மூன்று குறும்படங்கள் எடுத்துத் தள்ளிக்கொண்டிருந்தார்.

பயோகிராஃபில் நடிகருக்கு நாள் ஒன்றுக்கு ஐந்து டாலர் அளவில்தான் கூலி. நாடக நடிகர்கள் அங்கே வேலை செய்வதை வெளியில் சொல்லவே கூச்சப்பட்டார்கள். நிறுவனமும் 1913 வரை நடிகர்களின் பெயரை வெளியிடவில்லை. பெயர் தெரிந்தால் கூலி உயரும் என்ற கணக்கு அது. இன்று தந்தையாக நடித்தவர் நாளை போலீஸ்காரர், மறுநாள் கூட்டத்தில் ஒருவர். ஒரு ரீல் படம், பத்துப் பன்னிரண்டு நிமிடம், வசனம் கிடையாது. உள்ளே நுழையும் ஆள் யார், நல்லவனா கெட்டவனா என்பதை அவன் நடையும் தொப்பியும் மூன்று விநாடிக்குள் சொல்லிவிட வேண்டும். குணச்சித்திர நடிப்பு என்ற தொழில் அமெரிக்க சினிமாவில் இந்த அவசரத்தில்தான் உருவானது. கிரிஸ்ப் அங்கே நடிப்போடு, உதவி இயக்குநர் வேலையையும் சேர்த்துக் கற்றுக்கொண்டார்.

கிரிஃபித் பயோகிராஃபை விட்டு வெளியேறியபோது இவரும் கூடவே போனார். 1915இல் வெளிவந்த 'தி பர்த் ஆஃப் எ நேஷன்' படத்தில் அமெரிக்க உள்நாட்டுப் போரின் வடக்குப் படைத்தலைவர் ஜெனரல் யுலிசிஸ் கிராண்டாக வருவது கிரிஸ்ப்தான். வெள்ளையின வெறிக் கும்பலான கு கிளக்ஸ் கிளானை வீரர் கூட்டமாகக் காட்டிக் கறுப்பின மக்களை இழிவுபடுத்திய படம் அது. அதில் பங்கேற்ற எவருடைய வரலாற்றிலிருந்தும் அந்தக் கறையைத் துடைக்க முடியாது. கிரிஸ்ப்பின் பங்கு சிறியது. ஆனால் ஆயிரக்கணக்கானோர் நடமாடும் போர்க்களக் காட்சிகளை எப்படி ஒழுங்குபடுத்துவது என்பதை அவர் அங்கே அருகிலிருந்து பார்த்தார். அடுத்த ஆண்டே 'ரமோனா' என்ற நீண்ட படத்தைத் தாமே இயக்கினார்.

இனி 1919. 'ப்ரோக்கன் பிளாசம்ஸ்' படத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகப் பேசியாக வேண்டும். கிரிஸ்ப்பின் மௌனப்பட நடிப்பு என்று ஒன்றை மட்டும் பார்ப்பதென்றால் இதைத்தான் பார்க்க வேண்டும். கதை லண்டனின் லைம்ஹவுஸ் துறைமுகப் பகுதியில் நடக்கிறது. குடிகாரக் குத்துச்சண்டை வீரன் பேட்லிங் பரோஸ், அவனிடம் அடிபட்டே வளரும் மகள் லூசி, அவளுக்கு அடைக்கலம் கொடுக்கும் சீன இளைஞன். லூசியாக லிலியன் கிஷ். சீன இளைஞனாக ரிச்சர்ட் பார்தல்மெஸ் என்ற வெள்ளைக்கார நடிகர், அந்தக் காலத்து வழக்கப்படி. பரோஸாக கிரிஸ்ப். அந்த நாட்களில் பகலில் வேறொரு படத்தை இயக்கிக்கொண்டிருந்ததால் அவருடைய காட்சிகள் இரவில் எடுக்கப்பட்டன என்று கிரிஃபித் குழுவினர் சொல்லியிருக்கிறார்கள்.

ஒரு காட்சியில் பரோஸ் சாப்பிட உட்கார்ந்திருக்கிறான். மகள் பரிமாறுகிறாள். அவள் முகம் வாடியிருப்பது அவனுக்குப் பிடிக்கவில்லை, சிரிக்கச் சொல்கிறான். சிரிப்பு வராத அந்தப் பெண் இரண்டு விரல்களால் தன் வாயோரங்களைத் தூக்கிப் பிடித்து ஒரு சிரிப்பைச் செய்து காட்டுகிறாள். சினிமாவில் இந்தச் சைகை புகழ்பெற்றது. புகழெல்லாம் கிஷ்ஷுக்கே போனது. ஆனால் அந்தச் சைகை வேலை செய்வதற்கு எதிரில் இருப்பவன் அதை ஏற்றுக்கொள்ள வேண்டும். கிரிஸ்ப் அந்தப் பொய்ச் சிரிப்பைப் பார்த்துவிட்டுச் சாப்பாட்டுக்குத் திரும்புகிறார். வரவேண்டிய பாக்கி வந்துவிட்டது என்பதுபோல. மற்ற இடங்களில் அவர் செய்வது இன்றைய கண்ணுக்கு மிகைதான்: புருவத்தை நெரிக்கிறார், கண்ணை உருட்டுகிறார், தாடையை முன்னே தள்ளுகிறார். இந்த ஓர் இடத்தில் அடங்கியிருக்கிறார், அதுவே அதிகமாக அச்சுறுத்துகிறது. பிறகு சூடான உணவு அவன் கையில் சிந்திவிடுகிறது, சாட்டையை எடுக்கிறான். கடைசியில் அலமாரிக்குள் ஒளிந்துகொள்ளும் மகளை, கதவைக் கோடரியால் பிளந்து இழுத்துக் கொல்கிறான்.

லைம்ஹவுஸ், கிரிஸ்ப் உண்மையில் பிறந்த போ பகுதியிலிருந்து நடந்து போகும் தூரம். ஸ்காட்லாந்துக்காரர் என்று உலகை நம்பவைத்த மனிதர், கலிஃபோர்னியாவில் போட்ட செட்டில், தாம் விட்டுவந்த தெருக்களின் முரடனை நடித்துக் காட்டியிருக்கிறார். அந்தத் தெருக்களை அவர் அறிவார் என்று செட்டில் இருந்தவர்களுக்குத் தெரிந்திருக்க வாய்ப்பே இல்லை.

இருபதுகளில் அவர் பெரும்பாலும் இயக்குநர். 1914க்கும் 1930க்கும் இடையே ஏறத்தாழ எழுபது படங்கள். பெரும்பகுதி, ஸ்டூடியோ சொன்னதைச் சொன்ன நாளில் முடித்துக் கொடுக்கும் வேலை. அந்தப் படங்களில் பல இன்று இல்லை. எரியும் தன்மையுள்ள நைட்ரேட் சுருளோடு போய்விட்டன. ஃபேமஸ் பிளேயர்ஸ்-லாஸ்கி நிறுவனம் லண்டன் இஸ்லிங்டனில் திறந்த ஸ்டூடியோவுக்கு 1921இல் அனுப்பப்பட்டு அங்கேயும் சில படங்களை இயக்கினார். அவற்றுக்கு எழுத்து அட்டை (மௌனப்படத்தின் இடையிடையே வாசகம் காட்டும் அட்டை) வரைந்த இளைஞர் ஆல்ஃபிரட் ஹிட்ச்காக். பின்னாளில் அந்த இளைஞர் எட்டிய உயரத்தை இயக்குநர் கிரிஸ்ப் ஒருநாளும் எட்டவில்லை.

இயக்குநராக அவருடைய எல்லை எது என்பதை 1924இல் மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் கண்டுகொண்டார். 'தி நேவிகேட்டர்' படத்துக்கு ஒரு பெரிய கப்பலையே வாடகைக்கு எடுத்திருந்த கீட்டன், தொடக்கத்தில் வரும் தீவிரமான காட்சிகளை ஒழுங்காக எடுத்துக்கொடுக்க ஒரு நாடக இயக்குநர் வேண்டும் என்று கிரிஸ்ப்பை அழைத்தார். வந்தவருக்கோ நகைச்சுவையில் ஆசை வந்துவிட்டது. காலையில் செட்டுக்கு வரும்போதே புதுப்புது வேடிக்கைகளை யோசித்துக்கொண்டு வந்தாராம். அவரை நல்லபடியாக அனுப்பிவைத்துவிட்டுக் கீட்டன் சில பகுதிகளை மறுபடியும் எடுத்தார் என்பது கீட்டனே சொன்ன கதை. பெயர்ப் பட்டியலில் இருவர் பெயரும் இருக்கிறது.

அந்தப் படத்தில் கிரிஸ்ப்பின் அழியாத பங்களிப்பு அவருடைய முகம். ஆளில்லாத கப்பலில் இரவில் தூங்கப் போகும் நாயகி, அறையில் இருக்கும் ஒரு கடுகடுத்த முகப் படத்தைக் கண்டு பயந்து வெளியே எறிகிறாள். அது கப்பலின் வெளிப்புறத்தில் ஒரு கொக்கியில் மாட்டிக்கொண்டு, கப்பல் ஆட ஆட, கீட்டன் இருக்கும் அறையின் வட்டச் சன்னலுக்கு வெளியே வந்து வந்து எட்டிப் பார்க்கிறது. படத்தில் இருப்பவர் கிரிஸ்ப். அவர் யோசித்த வேடிக்கைகளில் எதுவும் இந்த அளவுக்குச் சிரிக்கவைத்திருக்காது என்றே நினைக்கிறேன்.

1925இல் சாகசப்பட நாயகன் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸுக்காக 'டான் க்யூ, சன் ஆஃப் ஸோரோ' படத்தை இயக்கி, அதில் வில்லனாகவும் நடித்தார். இயக்குநர் கிரிஸ்ப்பின் சிறந்த படம் இதுதான். ஓட்டமும் ஒழுங்கும் சேர்ந்து நிற்கும். 1930இல் 'தி ரன்அவே பிரைட்' படத்தோடு இயக்கத்தை விட்டுவிட்டார். ஸ்டூடியோ முதலாளிகள் தங்கள் சொந்தக்காரர்களைப் படத்தில் சேர்க்கச் சொல்லி நச்சரித்ததில் சலிப்பு வந்துவிட்டது என்று அவர் பின்னர் காரணம் சொன்னார். உண்மையாக இருக்கலாம். பேசும் படம் வந்தபின் இயக்குநர் வேலையே மாறிப்போனதும், இரண்டாம் தர இயக்குநர்களுக்குச் சந்தை சுருங்கியதும் அந்தக் காரணத்தோடு சேர்ந்திருக்கும்.

பேசும் படம் பல நாயகர்களைக் கவிழ்த்தது என்று எல்லா வரலாறுகளும் சொல்கின்றன. அது யாரைத் தூக்கிவிட்டது என்பதைக் குறைவாகவே சொல்கின்றன. வசனம் வந்ததும், வசனம் பேசிப் பழகிய, நாற்பது ஐம்பது வயது மேடை நடிகர்களுக்குத் திடீரென்று கிராக்கி ஏற்பட்டது. பெரிய ஸ்டூடியோ ஒவ்வொன்றும் ஆண்டுக்கு நாற்பது ஐம்பது படங்கள் எடுத்த காலம். ஒன்றரை மணி நேரப் படத்தில் இருபது பாத்திரங்கள். ஊர் மருத்துவரையோ சிறை அதிகாரியையோ அறிமுகப்படுத்த எழுத்தாளருக்கு நேரம் கிடையாது. பார்வையாளர் ஏற்கெனவே முப்பது படங்களில் பார்த்துப் பழகிய ஒரு முகத்தைக் கதவைத் திறந்து உள்ளே அனுப்பினால் போதும். நாயகன் படத்துக்குப் படம் மாறுவான், இவர்கள் மாறமாட்டார்கள்.

கிரிஸ்ப்புக்கு வாய்த்தது அதிகாரமும் நேர்மையும் கலந்த பாத்திரங்கள். 'மியூட்டினி ஆன் தி பவுண்டி'யில் மாலுமி. 'தி சார்ஜ் ஆஃப் தி லைட் பிரிகேட்'டில் கர்னல். 'தி லைஃப் ஆஃப் எமில் ஸோலா'வில் வழக்கறிஞர் லபோரி. 'ஜெஸபெல்' படத்திலும் 'வுதரிங் ஹைட்ஸ்' படத்திலும் மருத்துவர். எலிசபெத் ராணியின் அரசவையில் ஃபிரான்சிஸ் பேகன். 'தி டான் பேட்ரோல்' படத்தில் விமானப் படைப்பிரிவின் அலுவலக அதிகாரி: இளைஞர்கள் கிளம்பிப் போகும்போது எண்ணுவார், திரும்பி வரும்போது எண்ணுவார். இவை எல்லாவற்றுக்கும் ஒரே கருவிதான்: அவசரப்படாத அந்தக் குரல். பெரும்பாலானவற்றில் அவர் செய்தது தரமான வேலை, அவ்வளவே. ஒவ்வொன்றையும் கலைச் சாதனை என்று தூக்கிவைப்பது அவருக்கே சங்கடமாக இருந்திருக்கும்.

இதற்கிடையே அவருக்கு இன்னொரு வாழ்க்கையும் இருந்தது, திரையில் காணாதது. அமெரிக்க வங்கிகள் சினிமாவுக்குக் கடன் கொடுக்கத் தயங்கிய காலத்தில், சான் ஃபிரான்சிஸ்கோவில் ஜியானினி தொடங்கிய வங்கி, பின்னாளில் பேங்க் ஆஃப் அமெரிக்கா ஆனது, துணிந்து கொடுத்தது. டிஸ்னியின் 'ஸ்னோ ஒயிட்' படமும் அந்த வங்கிக் கடனில் முடிந்ததுதான். அந்த வங்கியின் ஆலோசனைக் குழுவில் கிரிஸ்ப் பல ஆண்டுகள் இருந்தார். எந்தப் படத்துக்குப் பணம் கொடுக்கலாம் என்பதில் அவர் சொல்லுக்கு மதிப்பு இருந்தது. கதை எழுதுவோரின் பக்கமும், இயக்குவோரின் பக்கமும், நடிப்போரின் பக்கமும் தெரிந்த ஓர் ஆளை வங்கி தேடியதில் வியப்பில்லை. திரையில் நாயகனுக்குப் பின்னால் நான்காவது ஆளாக நிற்கும் மனிதர், அந்த நாயகனின் அடுத்த படம் நடக்குமா என்பதில் கருத்துச் சொல்லும் இடத்தில் இருந்தார். ஹாலிவுட்டில் அதிகாரம் யாரிடம் இருந்தது என்று பெயர்ப் பட்டியலைப் பார்த்து முடிவு செய்தால் தவறாகப் போவோம்.

மீண்டும் 1941. 'ஹவ் கிரீன் வாஸ் மை வேலி' வேல்ஸ் நாட்டுச் சுரங்கக் குடும்பத்தின் கதை. உலகப்போர் நடந்துகொண்டிருந்ததால் வேல்ஸுக்குப் போக முடியாமல் கலிஃபோர்னியாவின் மலிபு மலைப்பகுதியில் ஒரு சுரங்கக் கிராமத்தையே கட்டினார்கள். குடும்பத் தலைவர் குவிலிம் மார்கனாக கிரிஸ்ப். வேல்ஸ்காரர் பேசும் பேச்சில் ஸ்காட்லாந்து வாடை அடிப்பதைப் பற்றி யாரும் கவலைப்படவில்லை; ஃபோர்டுக்கு வேண்டியது உச்சரிப்பு இல்லை, ஒரு வீட்டின் நடுவில் உட்காரக்கூடிய கனம்.

சம்பள நாளன்று சுரங்கத்திலிருந்து திரும்பும் தந்தையும் மகன்களும், வாசலில் உட்கார்ந்திருக்கும் தாயின் மடியில் காசைப் போட்டுவிட்டுக் குளிக்கப் போகிறார்கள். பிறகு சாப்பாடு. மேசைத் தலைப்பில் தந்தை. சுரங்க முதலாளி கூலியைக் குறைத்தபின் இந்த ஒழுங்கு கலைகிறது. சங்கம் வேண்டும் என்கிறார்கள் மகன்கள். தந்தைக்கு அது ஒப்பவில்லை. வாக்குவாதம் முற்றி, வளர்ந்த மகன்கள் ஒவ்வொருவராக எழுந்து வீட்டைவிட்டே போகிறார்கள். நீண்ட மேசையில் மிஞ்சுவது தந்தையும் கடைக்குட்டி ஹ்யூவும். சிறுவன் தானும் இருப்பதைத் தெரிவிக்க மெல்லச் சத்தம் எழுப்புகிறான். நீ இருப்பது எனக்குத் தெரியும் மகனே என்கிறார் தந்தை. கிரிஸ்ப் அதைச் சொல்லும்போது தலையைத் தூக்குவதில்லை. குரல் உடைவதில்லை. தோற்றுப்போனதை ஒப்புக்கொள்ளாத ஒருவர், தோற்றது தனக்குத் தெரியும் என்பதை மட்டும் ஒப்புக்கொள்வதுபோல இருக்கிறது.

1919இன் மேசையையும் 1941இன் மேசையையும் அடுத்தடுத்துப் போட்டுப் பார்த்தால் இந்த நடிகரின் தொழில் முழுவதும் பிடிபடும். இரண்டிலும் பிள்ளை, தந்தையின் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறது. இரண்டிலும் தந்தை சாப்பாட்டைப் பார்க்கிறார். முதலாவதில் புருவம், தாடை, சாட்டை என எல்லாம் தேவைப்பட்டது. இரண்டாவதில் ஒரு வாக்கியம் போதுமாயிற்று. இடையில் அவர் மற்றவர்களை இயக்கியும், மருத்துவராகவும் கர்னலாகவும் ஓரத்தில் நின்றும் கழித்த இருபத்திரண்டு ஆண்டுகளில் கற்றது, எதையெல்லாம் செய்யாமல் விடலாம் என்பதை. அன்று விருதுக்குப் போட்டியிட்டவர்களில் ஏற்கெனவே மூன்று முறை வென்றிருந்த வால்டர் பிரென்னனும், 'தி மால்டீஸ் ஃபால்கன்' படத்தில் அறிமுகமான சிட்னி கிரீன்ஸ்ட்ரீட்டும் இருந்தார்கள். கிரீன்ஸ்ட்ரீட்டின் வேடம்தான் இன்று அதிகம் நினைக்கப்படுகிறது. இருந்தாலும் வாக்களித்தவர்கள் தவறு செய்துவிட்டார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை.

அதன்பின் ஹாலிவுட்டுக்கு அவர் நிரந்தரத் தந்தை. 'லாஸி கம் ஹோம்' படத்தில் வறுமையால் நாயை விற்க நேரும் தந்தை. 'நேஷனல் வெல்வெட்'டில் பன்னிரண்டு வயது எலிசபெத் டெய்லரின் தந்தை. எல்லாம் இனிப்பாகவே போய்விடுமோ என்று இருந்தபோது 1955இல் 'தி மேன் ஃப்ரம் லாரமி' வந்தது. பார்வை மங்கிவரும் பெரும் பண்ணையார், கெட்டுப்போன மகனுக்குக் கொடுத்த செல்லத்தின் விலையைக் காலம் கடந்து புரிந்துகொள்பவர். பேட்லிங் பரோஸின் கொடுமையும் குவிலிம் மார்கனின் கண்ணியமும் ஒரே ஆளுக்குள் சேர்ந்திருக்கும் வேடம் அது. விருது வாங்கியதைவிட இதையே அவருடைய முழுமையான நடிப்பு என்று நான் சொல்வேன்.

கடைசிப் படம் 1963இல் வந்த 'ஸ்பென்சர்ஸ் மவுண்டன்', அதில் தாத்தா. 1974 மே 25 அன்று, 91 வயதில் காலமானார். அவர் இயக்கியவற்றில் பெரும்பாலானவற்றை இனிப் பார்க்க வழியில்லை. ஆனால் 'ப்ரோக்கன் பிளாசம்ஸ்', 'தி நேவிகேட்டர்', 'டான் க்யூ' மூன்றும் காப்புரிமைக் காலம் முடிந்து இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. 'தி நேவிகேட்டர்' ஒரு மணி நேரப் படம்தான். அதிலிருந்து தொடங்குவது எளிது.